காசும் கானமும் – 7: வெர்டி ஏன் எழுதுவதைக் குறைத்தார்?

எஃப். எம். ஷெரர் என்ற பெயர் இசை ரசிகர்களைவிடக் காப்புரிமை வக்கீல்களுக்குத்தான் பழக்கம். அமெரிக்கப் பொருளியல் பேராசிரியர். சந்தைப் போட்டி, மருந்துக் கம்பெனிகள், ஜேம்ஸ் வாட்டின் நீராவி இயந்திர உரிமை என்று எழுதிக்கொண்டிருந்தவர், 2004இல் திடீரென்று இசைப் பக்கம் வந்தார். 1650க்கும் 1849க்கும் இடையில் பிறந்த 646 ஐரோப்பிய இசையமைப்பாளர்கள் யாரிடம் சம்பளம் வாங்கினார்கள், எதை விற்றுச் சாப்பிட்டார்கள் என்று தேடி ஒரு புத்தகம் எழுதினார். மேதைகளை அட்டவணைக்குள் அடைப்பதா என்று முகம் சுளித்தால், படிப்பவருக்குத்தான் நஷ்டம்.

சென்ற வாரம் ஹைடனைப் பார்த்தோம். 1761இல் எஸ்தர்ஹாஸி அரண்மனையில் அவர் கையெழுத்திட்ட ஒப்பந்தப்படி, எழுதுவதெல்லாம் எஜமானுக்கே சொந்தம். 1779இல் அந்தப் பிடி தளர்ந்ததும், ஒரே படைப்பைப் பல ஊர்ப் பதிப்பாளர்களுக்கு விற்க ஆரம்பித்தார். பீத்தோவனும் 1807இல் லண்டன் பதிப்பாளர் கிளெமென்டியிடம் 200 பவுண்டுக்கு ஒரு கட்டு விற்றார். அதில் நான்காம் சிம்பொனியும் வயலின் கன்சர்ட்டோவும் இருந்தன. பேரம் பிரிட்டனில் அச்சிடும் உரிமைக்கு மட்டும்தான். மற்ற நாடுகளுக்கு வேறு ஆள், வேறு பேரம். எல்லை தாண்டினால் செல்லாத உரிமையை வேறு எப்படித்தான் காசாக்குவது?

பிரிட்டனிலேயே அந்த உரிமை இசைக்கு உண்டா என்பது 1777 வரை தெளிவில்லாமல்தான் இருந்தது. பெரிய பாக்கின் கடைசி மகன் யோஹான் கிறிஸ்டியான் அப்போது லண்டன்வாசி. அவர் அனுமதி இல்லாமலே அவருடைய இசையை லாங்மன் நிறுவனம் அச்சடித்து விற்றது; அவர் கோர்ட்டுக்குப் போனார். 1710இல் நடைமுறைக்கு வந்த ஆன் அரசியின் சட்டம் புத்தகங்களைப் பற்றியது. சுரக்குறிகள் நிரம்பிய தாள் அதில் சேருமா? அதுவும் எழுத்துதான் என்றார் நீதிபதி மேன்ஸ்ஃபீல்டு பிரபு. அன்றிலிருந்து அச்சான இசைக்கு 14 ஆண்டுப் பாதுகாப்பு. அதன் பிறகும் ஆசிரியர் உயிரோடு இருந்தால் இன்னும் 14.

ஷெரர் விடவில்லை. சரி, இந்தத் தீர்ப்புக்குப் பிறகு இங்கிலாந்தில் இசையமைக்க வந்தவர்கள் பெருகினார்களா என்று எண்ணிப் பார்த்தார். பெருகியதற்குத் தெளிவான தடயம் கிடைக்கவில்லை. பதிப்புரிமை இல்லாவிட்டால் கலையே செத்துவிடும் என்று மேடைதோறும் முழங்குபவர்களுக்கு இது ஒத்துவராத கணக்கு.

இதைவிடச் சுவாரசியம் வெர்டியின் கதை. அந்தக் கால இத்தாலியில் ஓர் ஊர் அரங்கம் ஆப்பரா எழுதச் சொல்லி ஒரு தொகை கொடுக்கும். பக்கத்து ராஜ்யத்தில் அதையே திருட்டுத்தனமாகப் போடுவார்கள். முழு இசைக்குறிப்பு கையில் இல்லையென்றாலும் கவலை இல்லை. அச்சில் வந்த பியானோ பிரதியை வைத்து, வாத்தியங்களுக்கான பகுதியை உள்ளூர் ஆள் ஒருவர் ஒப்பேற்றிவிடுவார். 1840இல் ஆஸ்திரியாவும் சார்டினியாவும் ஒருவர் நாட்டுப் படைப்பை மற்றவர் காப்பது என்று ஒப்பந்தம் செய்தன. அதன் பலத்தில் மிலான் பதிப்பாளர் ரிக்கோர்டி இசைக்குறிப்புகளை அரங்குகளுக்கு வாடகைக்கு விட்டு, வெர்டிக்குப் பங்கு கொடுத்தார். சின்ன ஊர்களிடம் பெரிய தொகை கேட்டால் அவர்கள் திருட்டுப் பிரதிக்குத்தான் போவார்கள், அரங்கின் சக்திக்கேற்ப வசூலிப்போம் என்ற ரிக்கோர்டியின் யோசனையை 1850இல் வெர்டி ஏற்றார். பதிப்பாளர் நல்ல வியாபாரி, இசையமைப்பாளர் அதைவிட நல்ல வியாபாரி.

பலன்? 1842 முதல் 1853 வரை 16 ஆப்பராக்கள். அந்த ஓட்டத்தைக் கைதிகள் துடுப்பு வலிக்கும் கப்பலோடு ஒப்பிட்டார் வெர்டி. அதன்பின் 40 ஆண்டுகளில், பழையதைத் திருத்தியவை போக, எட்டுதான். ‘ஐடா’ 1871, அடுத்த ‘ஒதெல்லோ’ 1887. நடுவில் சாந்த் அகாதாவில் இருந்த தன் பண்ணையைப் பார்த்துக்கொண்டார். ராயல்டி வந்ததும் அவசரம் போய்விட்டது என்கிறார் ஷெரர். பிற்கால ஆப்பராக்களின் கனத்துக்கு அந்த நிதானமே காரணம் என்பேன் நான். அதை நிரூபிக்கும் அட்டவணை என்னிடம் இல்லை.

இங்கே ஒரு முரண். மிகேலா ஜோர்செல்லி, பெட்ரா மோசர் என்ற இரு பொருளியலாளர்கள் 2020இல் வெளியிட்ட ஆய்வு, நெப்போலியன் படைகள் வந்ததால் 1801இலேயே பதிப்புரிமைச் சட்டம் பெற்ற லொம்பார்டியையும் வெனிஸ் பகுதியையும் மற்ற இத்தாலிய ராஜ்யங்களோடு ஒப்பிட்டது. சட்டம் இருந்த இடத்தில் புதிய ஆப்பராக்கள் கணிசமாகக் கூடின. காலம் கடந்து நின்றவையும் கூடின. இரண்டும் மோதுவதாகத் தோன்றினாலும் மோதவில்லை. தொழிலில் இறங்கலாமா என்று யோசிப்பவனை ராயல்டி உள்ளே இழுக்கும். ஜெயித்தவனை ஓய்வெடுக்க விடும். அதே ஆய்வில் இன்னொரு முடிவும் உண்டு: ஏற்கெனவே இருக்கும் உரிமையின் ஆண்டுகளை நீட்டியதால் கூடுதல் ஆப்பரா எதுவும் பிறக்கவில்லை.

அந்த வால் நீளத்தால் யாருக்குமே லாபமில்லை என்றும் சொல்ல முடியாது. முதிய இசைக்கலைஞர்களுக்காக வெர்டி மிலானில் ஓர் இல்லம் கட்டினார். ராயல்டி வருமானத்தை அதற்கே எழுதிவைத்து 1901இல் இறந்தார். ஆப்பரா பெருகவில்லைதான். வயதான பாடகர்களும் வாத்தியக்காரர்களும் பல பத்தாண்டுகள் அந்தப் பணத்தில் சாப்பிட்டார்கள்.

அடுத்த வாரம் பாரீஸ். 1847இல் ஒரு கஃபேயில் தன் பாட்டு ஒலிப்பதைக் கேட்ட எர்னெஸ்ட் பூர்ஷே, நீங்கள் என் பாட்டுக்குக் காசு தராதபோது நான் குடித்ததற்கு ஏன் தர வேண்டும் என்று பில்லைத் திருப்பிக் கொடுத்தார்.

(தொடரும்)