அல்லாஹ் (சொல்)

அல்லாஹ் என்பது கடவுளைக் குறிக்கும் அரபுச் சொல்லாகும். பேச்சுத் தமிழில் இது அல்லா என ஒலிக்கப்படுகிறது. இசுலாமியர் இறைவனை அழைக்கும் பெயர் என்றே தமிழர் பெரும்பாலும் இதனை அறிவர். ஆயினும் இச்சொல் இசுலாத்தின் தோற்றத்துக்கு முன்பே அரபு மொழியில் வழங்கியது. அரபு பேசும் கிறித்தவர்களும் யூதர்களும் தங்கள் கடவுளைக் குறிக்க இதே சொல்லைப் பயன்படுத்தி வந்துள்ளனர்.

இச்சொல்லும் இதன் உறவுச் சொற்களும் தமிழ் மண்ணில் அருகருகே வாழ்வதைக் கன்னியாகுமரி மாவட்டத்தின் கல்குளம் வட்டத்தில் காணலாம். அவ்வட்டத்தில் கடியப்பட்டணம் என்னும் கத்தோலிக்க மீனவ ஊரும், சூஃபி ஞானி பீர்முகமது அப்பாவின் அடக்கத்தலம் உள்ள தக்கலையும், சுரியானி மரபைச் சேர்ந்த பழமையான தேவாலயம் உள்ள திருவிதாங்கோடும் அமைந்துள்ளன.

சொற்பிறப்பு

அரபு மொழியில் 'இலாஹ்' என்பது வணங்கப்படும் ஒன்றை, அதாவது ஒரு தெய்வத்தைக் குறிக்கும் பொதுச்சொல். 'அல்' என்பது குறிப்பிட்ட ஒன்றைச் சுட்டும் முன்னொட்டு. இவ்விரண்டும் சேர்ந்த 'அல்-இலாஹ்' என்பதன் இடையிலுள்ள ஒலி மறைந்து 'அல்லாஹ்' ஆயிற்று என்பதே பெரும்பாலான மொழியறிஞர்களின் கருத்து. இதன்படி 'அந்த ஒரே கடவுள்' என்பது இதன் பொருளாகும்.

பழைய அரபு இலக்கண ஆசிரியர்களிடையே இது குறித்து ஒருமித்த கருத்து இருக்கவில்லை. எந்த வேர்ச்சொல்லிலிருந்தும் பிறக்காத தனிப்பெயர் இது என்று ஒரு சாரார் கூறினர். வணங்குதல் என்னும் பொருளுள்ள வேரிலிருந்து வந்தது என்றும், திகைத்தல் அல்லது ஏங்குதல் என்னும் பொருளுள்ள வேரிலிருந்து வந்தது என்றும் வேறு சிலர் கூறினர்.

'இலாஹ்', 'அல்லாஹ்' ஆகிய இரண்டுக்கும் உள்ள வேறுபாடு இசுலாத்தின் அடிப்படை உறுதிமொழியான கலிமாவில் தெளிவாகத் தெரிகிறது. அல்லாஹ்வைத் தவிர வேறு இலாஹ் இல்லை என்பதே அதன் முதற்பகுதியின் கருத்து. அதில் ஒன்று பொதுப்பெயராகவும் மற்றொன்று தனிப்பெயராகவும் நிற்கிறது.

இலக்கணச் சிறப்புகள்

- இலாஹ் என்பதற்கு 'ஆலிஹா' என்னும் பன்மை உண்டு. அல்லாஹ் என்பதற்குப் பன்மை இல்லை.
- 'அல்' என்று தொடங்கும் சொல்லுக்கு முன் 'யா' என்னும் விளிச்சொல் நேரடியாக வருவதில்லை. 'யா அல்லாஹ்' என்பது இவ்விதிக்கு விலக்காகும்.
- இச்சொல்லின் லகரம் அகர, உகர ஒலிகளுக்குப் பின் கனத்தும், இகர ஒலிக்குப் பின் மென்மையாகவும் ஒலிக்கும். 'அல்லாஹ்', 'பிஸ்மில்லாஹ்' ஆகியவற்றை அரபு பேசுவோர் ஒலிக்கும்போது இந்த வேறுபாட்டைக் கேட்கலாம்.

செமித்திய உறவுமொழிகளில்

அரபு மொழி செமித்திய மொழிக்குடும்பத்தைச் சேர்ந்தது. அக்குடும்பத்தின் பிற மொழிகளிலும் இச்சொல்லுக்கு உறவான சொற்கள் உள்ளன. எபிரேயத்தில் 'எலோவா', 'எலோகிம்' ஆகியவையும், அரமேயத்தின் கிளைமொழியான சுரியானியில் 'ஆலாஹா' என்பதும் கடவுளைக் குறிக்கின்றன. சுரியானியின் மேற்கு வழக்கில் இது 'ஆலோஹோ' என ஒலிக்கும். அரபுச் சொல் சுரியானியிலிருந்து கடன் பெறப்பட்டது எனக் கருதும் அறிஞரும் உண்டு.

தமிழ்க் கிறித்தவர்களுக்கும் இந்த உறவுச் சொற்கள் புதியவை அல்ல. மாற்கு நற்செய்தியில் இயேசு சிலுவையில் தொங்கியபோது எழுப்பிய அரமேயக் கூக்குரலின் 'எலோயி' என்னும் சொல் தமிழ் விவிலியத்திலும் அப்படியே விடப்பட்டுள்ளது. 'என் கடவுளே' என்பது அதன் பொருள். கடியப்பட்டணம் போன்ற கடற்கரைப் பங்குகளில் இயேசுவின் பாடுகள் மாற்கு நற்செய்தியிலிருந்து வாசிக்கப்படும்போது, அல்லாஹ் என்பதன் உறவுச் சொல் ஒன்றையே மக்கள் கேட்கின்றனர். அதே வட்டத்தில் உள்ள திருவிதாங்கோட்டு அரைப்பள்ளி மலங்கரை மரபைச் சேர்ந்தது. அம்மரபின் வழிபாட்டு மொழியான சுரியானியில் கடவுளின் பெயர் 'ஆலோஹோ' ஆகும்.

இசுலாத்துக்கு முன்

முகமது நபியின் தந்தையின் பெயர் அப்துல்லாஹ். 'அல்லாஹ்வின் அடிமை' என்னும் பொருள் கொண்ட இப்பெயர் நபி பிறப்பதற்கு முன்பே வைக்கப்பட்டது. எனவே மக்காவில் இச்சொல் முன்பே வழக்கில் இருந்தது தெளிவு. வானங்களையும் பூமியையும் படைத்தவன் யார் என்று கேட்டால் மக்காவினர் 'அல்லாஹ்' என்றே பதில் கூறுவர் என்று குர்ஆனும் (31:25) குறிப்பிடுகிறது. மக்காவினர் இப்பெயரை அறிந்திருந்தும் அவனுடன் வேறு தெய்வங்களையும் வணங்கினர் என்பதே அங்குக் குறையாகக் கூறப்படுகிறது.

சிரியாவில் சபத் என்னும் இடத்தில் கிடைத்த கி.பி. 512ஆம் ஆண்டுக் கல்வெட்டு கிரேக்கம், சுரியானி, அரபு ஆகிய மூன்று மொழிகளில் உள்ளது. அது ஒரு கிறித்தவக் கோயிலில் பொறிக்கப்பட்டதாகும். அதன் அரபுப் பகுதியில் கடவுளைக் குறிக்க 'அல்-இலாஹ்' என்னும் வடிவம் காணப்படுகிறது. இது முகமது நபி பிறப்பதற்கு ஏறத்தாழ அரை நூற்றாண்டு முற்பட்டது.

அல்லாஹ் என்பது நிலாத் தெய்வம் ஒன்றின் பெயர் என்னும் கருத்தும் சிலரால் பரப்பப்படுகிறது. இதற்குக் கல்வெட்டுச் சான்றோ மொழியியல் சான்றோ இல்லை.

பிற சமயத்தவர் வழக்கில்

யூத அறிஞர் சாதியா காவோன் (882–942) எபிரேய மறைநூலை அரபில் பெயர்த்தபோது கடவுளுக்கு அல்லாஹ் என்னும் சொல்லையே பயன்படுத்தினார். 1865இல் பெய்ரூத்தில் நிறைவுற்ற வான் டைக் அரபு விவிலியத்திலும் இதே சொல் உள்ளது. எகிப்து, லெபனான், சிரியா ஆகிய நாடுகளின் கிறித்தவர்கள் இன்றும் இச்சொல்லால் வேண்டுகின்றனர்.

பெரும்பான்மையோர் கத்தோலிக்கராக உள்ள மால்ட்டாவின் மொழியிலும் கடவுளுக்கு 'அல்லா' என்றே பெயர். மால்ட்டா மொழி அரபிலிருந்து கிளைத்ததே இதற்குக் காரணம். 'அப்படியே ஆகட்டும்' என்னும் விருப்பத்தைக் காட்டும் போர்த்துக்கீசியச் சொல்லான 'ஒஷாலா'வும், 'அல்லாஹ் நாடினால்' என்னும் பொருள் தரும் அரபுத் தொடரிலிருந்து வந்ததாகும்.

குமரிக் கடற்கரை ஊர்களிலிருந்து பலர் வளைகுடா நாடுகளுக்கு மீன்பிடி வேலைக்கும் பிற வேலைகளுக்கும் செல்கின்றனர். அங்குள்ள கத்தோலிக்க ஆலயங்களில் அரபு மொழியில் நடைபெறும் திருப்பலியில் 'அல்லாஹ்' என்னும் சொல்லை இவர்கள் கேட்க நேரிடுகிறது.

தமிழில்

தமிழ் இசுலாமியர் அல்லாஹ் என்னும் பெயரைக் காத்துக்கொண்டதோடு இறைவன், ஆண்டவன், நாயன், முதலவன் ஆகிய தமிழ்ச் சொற்களையும் பயன்படுத்தினர். ஞானப்புகழ்ச்சி உள்ளிட்ட நூல்களை இயற்றிய தக்கலை பீர்முகமது அப்பா, உமறுப்புலவர் போன்றோரின் பாடல்களில் அரபுச் சொற்களும் தமிழ்ச் சொற்களும் கலந்து வருகின்றன. ஆ. கா. அப்துல் ஹமீது பாகவி செய்த குர்ஆன் தமிழாக்கத்தில் அல்லாஹ் என்னும் பெயர் மொழிபெயர்க்கப்படாமல் அப்படியே உள்ளது. அப்துல்லா, அமானுல்லா, ஹபீபுல்லா, ரஹ்மத்துல்லா போன்ற ஆட்பெயர்களின் ஈற்றிலும் இச்சொல்லே உள்ளது.

தமிழ் இசுலாமிய எழுத்தில் 'அல்லாஹ் கூறுகிறான்' என ஒருமை வினையே வரும். தமிழில் 'ஆர்' விகுதி மரியாதையைக் காட்டினாலும் அது பலர்பால் வடிவமுமாகும். இறைவன் ஒருவனே என்பதை வலியுறுத்த ஒருமை பேணப்படுகிறது. எனவே இங்கு ஒருமை மரியாதைக் குறைவு ஆகாது. அரபு மொழியில் ஆண்பால் வினை வந்தாலும் இறைவனுக்குப் பால் வேறுபாடு இல்லை என்பது இசுலாமியக் கொள்கை. கிறித்தவர் 'கடவுள் கூறுகிறார்', 'ஆண்டவர் கூறுகிறார்' என எழுதுவர்.

தமிழ்க் கிறித்தவர் நேரடியாக அரபுச் சொல்லைப் பெறவில்லை. ஆனால் எந்தச் சொல்லால் கடவுளை அழைப்பது என்ற கேள்வி அவர்களுக்கும் இருந்தது. 1544இல் பிரான்சிசு சவேரியார் திருவிதாங்கூர்க் கடற்கரையின் முக்குவரிடையே சமயப் பணி செய்தார். அடுத்த தலைமுறையில் அண்டிரிக் அடிகளார் 1578இல் கொல்லத்தில் அச்சிட்ட நூலின் பெயர் 'தம்பிரான் வணக்கம்'. சைவ மரபிலும் வழங்கிய 'தம்பிரான்' என்னும் சொல்லே அதில் கடவுளைக் குறித்தது. பிற்காலக் கத்தோலிக்கர் 'சர்வேசுரன்' என்றனர். சீர்திருத்தச் சபையினர் 'பராபரன்' என்றும் பின்னர் 'தேவன்' என்றும் எழுதினர். 1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியம் 'கடவுள்' என்னும் சொல்லை எடுத்துக்கொண்டது. இன்றைய கத்தோலிக்க வழிபாட்டில் 'இறைவன்' என்னும் சொல்லும் இயல்பாக வருகிறது.

'இறை' என்பதற்கு அரசன் என்னும் பொருளும் உண்டு. திருக்குறளின் 'இறைமாட்சி' அதிகாரம் அரசனைப் பற்றியது. ஆனால் அதே நூலின் கடவுள் வாழ்த்தில் 'இறைவன்' கடவுளைக் குறிக்கிறது. இன்று தக்கலையின் பள்ளிவாசலிலும் கடியப்பட்டணத்தின் ஆலயத்திலும் இந்தப் பழந்தமிழ்ச் சொல் பொதுவாக ஒலிக்கிறது.

மலேசிய வழக்கு

இச்சொல் யாருக்கு உரியது என்னும் கேள்வி மலேசியாவில் நீதிமன்றம் வரை சென்றது. மலாய் மொழி பேசும் கிறித்தவர்கள் நெடுங்காலமாகக் கடவுளை அல்லாஹ் என அழைத்து வந்தனர். 1629இல் அச்சான மலாய் மத்தேயு நற்செய்தியிலேயே இச்சொல் உள்ளது. 1986இல் மலேசிய உள்துறை அமைச்சகம் இசுலாமியர் அல்லாதோரின் வெளியீடுகளில் அல்லாஹ் உள்ளிட்ட நான்கு சொற்களுக்குத் தடை விதித்தது.

ஆங்கிலம், மலாய், சீனம், தமிழ் ஆகிய நான்கு மொழிகளில் வெளிவந்த கத்தோலிக்க வார இதழான 'எரால்டு' தன் மலாய்ப் பகுதியில் இச்சொல்லைப் பயன்படுத்தியதால் வழக்கு எழுந்தது. 2009 டிசம்பர் 31 அன்று உயர் நீதிமன்றம் இதழுக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தது. அதன்பின் 2010 சனவரியில் சில தேவாலயங்கள் தாக்கப்பட்டன. 2013 அக்டோபரில் மேல்முறையீட்டு நீதிமன்றம் இத்தீர்ப்பை மாற்றியது. இச்சொல் கிறித்தவ நம்பிக்கையின் இன்றியமையாத பகுதி அன்று என்று அது கூறியது. 2014 சூனில் கூட்டரசு நீதிமன்றம் மேல்முறையீட்டுக்கு அனுமதி மறுத்தது.

சரவாக்கைச் சேர்ந்த கிறித்தவப் பெண் ஒருவரின் சமயக் குறுந்தட்டுகள் 2008இல் பறிமுதல் செய்யப்பட்டன. அவர் தொடுத்த வழக்கில், 1986ஆம் ஆண்டுத் தடை சட்டத்துக்குப் புறம்பானது என 2021 மார்ச்சு 10 அன்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதற்கு எதிரான மேல்முறையீட்டை அரசு 2023இல் திரும்பப் பெற்றது.

தடையை ஆதரித்தோர் அல்லாஹ் என்பதை ஒரு சமயத்தின் தனிப்பெயராகக் கண்டனர். எதிர்த்தோர் அதைத் தங்கள் தாய்மொழியில் கடவுளுக்குரிய சொல்லாகக் கண்டனர். பொதுச்சொல்லிலிருந்து தனிப்பெயராக வளர்ந்த இச்சொல்லின் வரலாற்றில் இவ்விரண்டு பொருளுக்கும் இடமுண்டு. எனினும் சபத் கல்வெட்டு முதல் இன்றைய அரபுத் திருப்பலி வரை, இதனை ஒரு சமயத்தவர் மட்டும் வழங்கிய காலம் இருந்ததில்லை. அரபு பேசும் மூன்று சமயத்தாருக்கும் இது பொதுவாக இருந்தது போலவே, தமிழில் 'இறைவன்' என்னும் சொல்லும் பல சமயத்தாருக்கும் பொதுவாக உள்ளது.