பீலிக்கரைக் கன்னி கொழும்புக்கு வந்த கதை

கொட்டாஞ்சேனையில் என் சின்னம்மா வாடகைக்கு இருக்கும் மாடி வீட்டில், ஆடி வெள்ளியன்று குழாயடியில் ஒரு செம்புத் தண்ணீர் வைப்பார்கள். மஞ்சள், வேப்பிலை, ஏழு கண்ணாடி வளையல். சில வருடங்களில் சின்னம்மாவுக்கு அருள் வரும். அப்போது பேசுவது கன்னி.

"வட்டகொடையில பீலிக்கரையில இருந்தேன். எழுவத்தேழுல விட்டுட்டு வந்தீங்க" என்றுதான் தொடங்குவாள்.

கன்னிமார் வழிபாடு தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து தோட்டங்களுக்கு வந்தது. கோயில்களில் சப்தகன்னியருக்குச் சிலையும் வடமொழிப் பெயரும் உண்டு. தோட்டத்தில் ஊற்றுக்கு மேல் ஏழு கல், அவ்வளவுதான். ஊற்றுவாயில் துணி துவைக்காதே, துப்பாதே, உச்சிப்பொழுதில் தனியே போகாதே என்று பெரியவர்கள் சொல்வார்கள். லயமே ஒரு பீலியை நம்பியிருந்த காலத்தில் இதுதான் தண்ணீர்ச் சட்டம் என்பது என் எண்ணம். தொழிற்சாலைச் சக்கரத்துக்கே ரோதமுனி என்று சாமி வைத்தவர்கள் அல்லவா!

கன்னி சொல்லும் கதை நீளமானது. மன்னாரில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்தது. வழியில் கொள்ளைநோயில் செத்தவர்களைப் புதைக்காமலே போனது. கோப்பி அழிந்து தேயிலை வந்தது. 1948 பிரஜாவுரிமைச் சட்டத்தை அவள் "பேரை வெட்டினது" என்பாள். 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் "கப்பல் பிரிச்சது". 1977 வன்செயலில் எங்கள் குடும்பம் கிளிநொச்சிக்கு ஓடியது. அங்கே வாய்க்கால் ஓரத்தில் புதிதாக ஏழு கல் நட்டோம். 2009இல் அவற்றையும் விட்டு முள்ளிவாய்க்கால், பிறகு மெனிக் பாம். முகாமில் தண்ணீர் வண்டிக்கு வரிசையில் நின்ற இடத்தைச் சொல்லும்போது மட்டும் கன்னியின் குரல் உடையும். அல்லது சின்னம்மாவின் குரல்.

தலவாக்கலையில் மேல் கொத்மலை அணை வந்து, சென் கிளயர் அருவியில் நீர் குறைந்தது அவள் வாக்கில் இன்னும் வரவில்லை.

எங்கள் குடும்பத்தில் யாரும் இந்தக் கதையை எழுதி வைக்கவில்லை. சின்னம்மாவுக்கு வயது அறுபது தாண்டிவிட்டது. பிள்ளைகள் அந்த நேரம் அறையைப் பூட்டிக்கொள்வார்கள். சென்ற ஆடியில் கைபேசியில் பதிவு செய்யட்டுமா என்று கேட்டேன். கன்னி மறுத்தாள். "எழுதிக்க. மொதல்ல பீலியப் பாத்துட்டு வா."

தலவாக்கலைக்கு அடுத்த ஸ்டேசனில் இறங்கி நடந்தேன். பீலி இருந்த இடத்தில் இப்போது பிளாஸ்டிக் குழாய். மேலே கற்கள் ஐந்துதான் தெரிந்தன. அவற்றில் பூசிய மஞ்சள் இன்னும் காயவில்லை. தண்ணீர் பிடிக்க வந்த அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"தம்பி எந்த லயத்து ஆளு?"

சின்னம்மாவின் அப்பா பெயரைச் சொன்னேன். குடத்தை இறக்கி வைத்தார்.