மெல்லிய குரலும் கடல் கடக்கும்

ஓரேபு மலையில் நின்ற இறைவாக்கினர் எலியாவின் வரலாற்றை மறைக்கல்வி வகுப்பில் நாம் கேட்டிருக்கிறோம். புயலிலும் நிலநடுக்கத்திலும் தீயிலும் காணாத ஆண்டவரை, அவர் மெல்லிய ஒலியில் உணர்ந்தார். மெல்லிய ஒலியைத் தேடிக் கேட்பதை ஓர் அறிவியற் கலையாகவே வளர்த்தவர்களும் உலகில் இருக்கின்றனர். அவர்களே அமெச்சூர் வானொலியினர்.

அமெச்சூர் வானொலி என்பது யாது?

ஊதியம் கருதாமல், அரசின் தேர்வில் தேறி உரிமம் பெற்று, வீட்டிலேயே கருவிகளை அமைத்து, உலகெங்கும் உள்ள அன்பர்களுடன் வானலை வழியே தொடர்பு கொள்வோரே இவர்கள். 'ஹாம்' என்றும் இவர்களை அழைப்பர். ஒவ்வொருவருக்கும் தனித்தனி அழைப்புக் குறி உண்டு. இந்தியரின் குறிகள் பெரும்பாலும் 'வி.யு.' என்ற எழுத்துகளில் தொடங்கும்.

தொலைவிலிருந்து வரும் சமிக்ஞை மிக மெலிந்தே வந்து சேரும். மின்னல், மின் கருவிகள், விண்வெளி ஆகியவை எழுப்பும் இரைச்சலில் அது மூழ்கிவிடும். இதற்குப் பழைய மருந்துகள் இரண்டு: மின்திறனைக் கூட்டுவது, உயர்ந்த கோபுரத்தில் பெரிய ஏரியல் கட்டுவது. இரண்டுக்கும் பணம் வேண்டும், இடமும் வேண்டும். அவ்வாறாயின், மாடிக் கைப்பிடிச் சுவரில் ஒரு கம்பியை மட்டுமே கட்ட முடிந்தவர் பேசாமல் இருக்க வேண்டியதுதானா?

விண்மீன் கற்பித்த பாடம்

இவ்வினாவுக்கு விடை கண்டவர் அமெரிக்க அறிஞர் ஜோசப் டெய்லர். நியூ ஜெர்சியில் பண்ணை வீட்டில் வளர்ந்தவர். சிறுவனாக இருந்தபோது சகோதரருடன் கூரையின்மேல் ஏரியல் அமைக்கப்போய், வீட்டின் செங்கல் புகைபோக்கியையே தகர்த்துப் பெற்றோரைத் திகைக்க வைத்தவர்! 1974இல் ரசல் ஹல்சுடன் சேர்ந்து, இரட்டை விண்மீன் அமைப்பிலுள்ள பல்சார் ஒன்றைக் கண்டுபிடித்தார். அதற்காக இருவருக்கும் 1993இல் இயற்பியல் நோபல் பரிசு கிடைத்தது. பல்சார்களின் துடிப்பு மிக மெல்லியது. இரைச்சலைச் சலித்தே அதை எடுக்க வேண்டும். அந்த அனுபவத்தை அவர் தம் இளமைப் பொழுதுபோக்குக்குக் கொண்டுவந்தார். 2001இல் கணிப்பொறிக்கான முதல் நிரலை வெளியிட்டார். 2017இல் ஸ்டீவ் ஃபிராங்கேயுடன் இணைந்து 'எஃப்.டி. 8' என்னும் முறையை அளித்தார். இருவர் பெயரின் முதலெழுத்துகளும், அதில் ஒலிக்கும் எட்டுச் சுரங்களுமே அப்பெயராயின.

இரைச்சலை வெல்வது எவ்வாறு?

முதலாவது, சொற்சுருக்கம். அழைப்புக் குறிகள், இருப்பிடக் குறி, எவ்வளவு வலிமையாகக் கேட்கிறது என்னும் எண், இறுதியில் வாழ்த்து. இவ்வளவே பேச்சு. உலகப் படத்தைக் கட்டங்களாகப் பிரித்திருப்பதால், சென்னை என்பதற்கு 'என்.கே. 03' என்றால் போதும். ஒரு செய்தி 77 பிட்டுகளில் அடங்கிவிடும்.

இரண்டாவது, காலந்தவறாமை. நிமிடம் நான்காகப் பகுக்கப்படுகிறது. ஒரு கால் நிமிடத்தில் ஒருவர் அனுப்புவார். அடுத்த கால் நிமிடத்தில் அவர் கேட்பார். கடிகாரம் ஒன்றிரண்டு விநாடிக்கு மேல் பிசகினால் செய்தி கிடைக்காது.

மூன்றாவது, குறுகிய பாதை. பேச்சொலிக்கு ஏறத்தாழ 2,500 ஹெர்ட்ஸ் அகலம் தேவை. எஃப்.டி. 8க்கு 50 ஹெர்ட்ஸே போதும். சன்னல் சிறிதானால் உள்ளே வரும் இரைச்சலும் சிறிதாகும் அல்லவா?

நான்காவதே தலையாயது. கரும்பலகையில் 'த–மை ஆசி–யை' என்று பாதி அழிந்திருந்தாலும், 'தலைமை ஆசிரியை' என்று நாம் வாசித்துவிடுகிறோம். ஏன்? சொல்லில் தேவைக்கு மிஞ்சிய எழுத்துகள் இருப்பதால் எஞ்சியவை இழந்தவற்றை மீட்டுத் தருகின்றன. அதுபோலவே 77 பிட்டுகளுடன், பிழையறிய 14 பிட்டுகளும் பிழை திருத்த 83 பிட்டுகளும் சேர்த்து 174 ஆக்கி அனுப்புகின்றனர். சுரம் ஒன்றுக்கு 3 பிட்டுகளாக அவை 58 சுரங்களாகின்றன. காலத்தையும் அதிர்வெண்ணையும் பொருத்திக்கொள்ள 21 சுரங்கள் கூட, மொத்தம் 79 சுரங்கள் 12.64 விநாடியில் ஒலித்து முடிகின்றன. வழியில் பல சுரங்கள் சிதைந்தாலும் செய்தி முழுமையாக மீள்கிறது. சமிக்ஞை 2,500 ஹெர்ட்ஸ் அகலத்திலுள்ள இரைச்சலில் நூறில் ஒரு பங்குக்கும் குறைவாக இருந்தாலும் கணிப்பொறி அதைப் படித்துவிடும்!

நிலவைத் தொட்டு வரும் செய்தி

டெய்லரின் 'ஜே.டி. 65' என்னும் முறை நிலவுத் தொடர்புக்கென்றே அமைந்தது. சராசரியாக 3,84,400 கிலோமீட்டர் தொலைவிலுள்ள நிலவில் பட்டு, இரண்டரை விநாடியில் சமிக்ஞை பூமிக்குத் திரும்புகிறது. 1960இல் அமெச்சூர் வானொலியினர் முதன்முறையாக நிலவு வழியே இருவழித் தொடர்பு கொண்டபோது பெரிய ஏரியல்கள் தேவைப்பட்டன. இன்றோ எளிய ஏரியல் ஒன்றை உடையவரும் பெரிய நிலையங்களுடன் அவ்வாறு தொடர்பு கொள்கிறார். 2008இல் வந்த 'விஸ்பர்' என்னும் முறையின் பெயருக்கே கிசுகிசுப்பு என்றுதான் பொருள். டார்ச் பல்புக்கு வேண்டிய மின்திறனைவிடக் குறைவான 200 மில்லிவாட்டில், ஒரு சிறு செய்தியை ஏறத்தாழ இரண்டு நிமிடம் நிதானமாகச் சொல்லி, அது கடல்களைக் கடக்கிறது.

குறையும் உண்டு

இம்முறைகளில் மனம்விட்டு உரையாட முடியாது. எஃப்.டி. 8இல் விரும்பியதை எழுத நினைத்தால் ஒரு தடவைக்கு 13 எழுத்துகளே கிடைக்கும். "கணிப்பொறிகள் பேசுகின்றன; மனிதர் வேடிக்கை பார்க்கிறோம்" என்று மோர்ஸ் பயின்ற மூத்தோர் குறைப்படுவதில் நியாயம் உண்டு. ஆயினும் உயர்ந்த கோபுரமும் பெரும் பொருளும் இல்லாதவருக்கும் உலக அரங்கில் ஓர் இடத்தை இம்முறைகள் பெற்றுத் தந்திருப்பதை மறுக்க இயலாது.

தோழியரே! உரக்கக் கத்துபவரின் குரலே எட்டும் என்று பலர் எண்ணுகின்றனர். குறைவாகவும் தெளிவாகவும் சொல்வது, முறை வரும்வரை காத்திருப்பது, பிறர் பேசும்போது வாய்மூடிக் கேட்பது ஆகியவற்றை இருபுறத்தாரும் கடைப்பிடித்தால் மெல்லிய குரலும் கடல் கடக்கும். நம் வகுப்பறையின் கடைசி வரிசையில் மெதுவாகப் பேசும் ஒரு தோழி இருக்கிறாள். அவள் குரல் எட்டுவதற்கு, அவளைக் கத்தச் சொல்லாமல் நாம் சற்று அமைதியானாலே போதும்.