நாய்களின் கண்களைத் தாக்கும் ஒவ்வாமை

கொச்சி அரச குடும்பத்தினரின் இருப்பிடமாக விளங்கிய திருப்பூணித்துறை, உப்பங்கழிகளை அடுத்த ஈரமிக்க ஊராகும். ஜூன் மாதத்தில் இடவப்பாதி மழை தொடங்கியதும் சுவர்களில் பூஞ்சணம் படர்கிறது. துணிகளும் பாய்களும் எளிதில் உலர்வதில்லை. இத்தகைய ஊர்களில் வளரும் நாய்களின் கண்கள் சிவந்து நீர் வடிவதற்கு ஒவ்வாமையும் ஒரு காரணமாகும். இதனைச் சாதாரணக் கண்நோவு எனக் கருதி, கையில் கிடைத்த மருந்தை ஊற்றுவதால் பார்வையே கெடக்கூடும்.

பிறருக்குத் தீங்கிழைக்காத ஒரு பொருளை உடல் பகையெனக் கொண்டு எதிர்ப்பதே ஒவ்வாமை. 'அல்லர்ஜி' என்னும் சொல்லை வியன்னா நகர மருத்துவர் பிர்க்கே 1906-ஆம் ஆண்டில் வழங்கினார். ஒவ்வாப் பொருள் உடலிற் பட்டதும், திசுக்களிலுள்ள சில செல்கள் ஹிஸ்டமின் முதலிய பொருள்களை வெளிவிடுகின்றன. அவற்றால் இமையின் உட்புறத்தையும் வெள்விழியையும் போர்த்துள்ள மென்படலம் சிவந்து வீங்குகிறது. அரிப்பும் நீர்வடிதலும் தோன்றுகின்றன.

வீட்டுத் தூசியிலுள்ள நுண்ணிய உண்ணிகள், பூஞ்சண வித்துக்கள், மகரந்தத் தூள் ஆகியவை இதற்குரிய முக்கியப் பொருள்கள். தூசி உண்ணிகள் நீர் அருந்துவதில்லை; காற்றிலுள்ள ஈரத்தையே உறிஞ்சி வாழ்கின்றன. ஆதலின் கடலோர ஊர்கள் அவற்றுக்கு ஏற்றவை. சில நாய்களுக்கு உணவும் ஒவ்வாமை விளைவிப்பதுண்டு. பரம்பரைத் தன்மையுள்ள ஒவ்வாமை பெரும்பாலும் ஆறு மாதம் முதல் மூன்று வயதிற்குள் வெளிப்படுகிறது. அத்தகைய நாய் கண்ணை மட்டுமன்றிப் பாதங்களையும் நக்கும், காதுகளையும் சொறியும்.

அரிப்பைவிட அதனால் விளையும் செயலே ஆபத்தானது. நாய் முகத்தைத் தரையில் தேய்க்கும்போதும், நகத்தால் கீறும்போதும், கருவிழியை மூடியுள்ள கண்ணாடி போன்ற 'கார்னியா' புண்படுகிறது. புண்ணில் கிருமிகள் புகுந்தால் அது ஆழ்ந்து, விழி துளைபடவும் கூடும்.

ஒவ்வாமை பொதுவாக இரு கண்களையும் தாக்கும். ஒரு கண் மட்டும் சிவத்தல், கண்ணை இறுக மூடிக்கொள்ளுதல், கருவிழி மங்குதல், சீழ் வடிதல் ஆகியவை காணப்படின், புண், தூசித் துரும்பு, கண் வறட்சி, கண்ணழுத்தம் போன்றவற்றை ஐயுற்று அன்றே கால்நடை மருத்துவரிடம் காட்டவேண்டும்.

மருத்துவர் ஃபுளோரசின் என்னும் சாயத்தை இட்டுப் பார்ப்பார். புண் உள்ள இடம் பச்சையாக ஒளிரும். இச்சோதனைக்கு முன்னர் ஸ்டீராய்டு கலந்த சொட்டு மருந்தை இடுதல் கூடாது. ஒவ்வாமையைத் தணிக்கும் அம்மருந்தே புண்ணை ஆறவிடாமல் தடுத்து, அதனைப் பெரிதாக்கும். மனிதருக்கென வாங்கி மிஞ்சிய மருந்துகளில் ஸ்டீராய்டு கலந்திருக்கக்கூடும் என்பதைக் களப்பணியாளர் வீட்டாருக்கு எடுத்துரைத்தல் நன்று. கடினமான நோய்களுக்கு, திருச்சூரை அடுத்த மண்ணுத்தியில் 1955-இல் தொடங்கப்பெற்ற கால்நடை மருத்துவக் கல்லூரியின் மருத்துவமனை உதவுகிறது.

நாயின் படுக்கையை வாரந்தோறும் வெந்நீரில் துவைத்து நன்கு உலர்த்துதல், ஈரச் சுவரருகே நாயைப் படுக்க விடாமை, தூய உப்புநீரால் கண்ணின் அழுக்கை மெல்லக் கழுவுதல் ஆகியவை எவரும் செய்யக்கூடியவை. மருந்தைத் தேர்ந்தெடுப்பதோ மருத்துவரின் பணி.