பேர்மிட் காணியும் சேமலாபப் பணமும்



வேலையிலிருந்து நிற்கும்போது நம் கைக்கு மொத்தமாக வருகிற பணம் ஊழியர் சேமலாப நிதிதான். ஆண்களுக்கு 55 வயதில், பெண்களுக்கு 50 வயதில் கிடைக்கும் அந்தப் பணத்தைக் கொண்டு, "ஒரு துண்டுக் காணியாவது வாங்கிப் போட்டிரணும்" என்று நினைக்காத குடும்பம் குறைவு. அப்படி நினைப்பவர்களுக்காகவே இந்தக் கட்டுரை.

ஓர் உதாரணம் சொல்கிறோம். அட்டன் பக்கத்துப் பெரியவர் ஒருவரின் மகன் கல்முனையில் கடையொன்றில் வேலை செய்கிறான் என்று வைத்துக்கொள்வோம். அங்கே பழக்கமான ஒரு நானா, "நம்மட வயல்தான், அரை ஏக்கர் தாறன். பேர்மிட் காணி, ஆனா பயப்படாதீங்க, எழுதித் தாறன்" என்கிறார். நல்ல மனிதர்தான். முத்திரை ஒட்டிய தாளில் இரண்டு பேரும் கையெழுத்து வைக்கிறார்கள். பணம் கைமாறுகிறது. நான்கு வருஷத்தில் அந்த நானா மௌத்தாகிவிடுகிறார். அவருடைய பிள்ளைகள் வந்து, "இது எங்கட வாப்பாட காணி" என்கிறார்கள். இப்போது பெரியவர் கையில் என்ன இருக்கிறது?

பேர்மிட் காணி என்றால் என்ன?

கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்றுப் பக்கம் காணி பலவிதம். தலைமுறையாக உறுதி எழுதி வருகிற தனியார் காணியும் உண்டு, அரசாங்கம் பயிர் செய்யக் கொடுத்த காணியும் உண்டு. கல்லோயாத் திட்டத்துக்கென 1949இல் அபிவிருத்திச் சபை அமைந்த பிறகு, நீர்ப்பாய்ச்சல் கிடைத்த இடங்களில் பலருக்குக் காணி கிடைத்தது.

அரசாங்கம் கொடுத்த காணிகளில் பெரும் பகுதி 1935ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கக் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின்கீழ் வருகிறது. முதலில் கொடுப்பது அனுமதிப்பத்திரம். அதைத்தான் பேர்மிட் என்கிறோம். நிபந்தனைகளை நிறைவேற்றிய பிறகு கொடுப்பது அளிப்புப் பத்திரம். சுவர்ணபூமி, ஜயபூமி என்ற பெயர்களில் வந்தவை அந்த வகை.

பேர்மிட்காரர் காணியில் பயிர் செய்யலாம், வீடு கட்டியிருக்கலாம். ஆனாலும் தன் விருப்பப்படி விற்க முடியாது. விற்பனை, நன்கொடை போன்ற எந்தக் கைமாற்றத்துக்கும் முன்கூட்டியே எழுத்தில் அனுமதி வேண்டும். முன்பு அரசாங்க அதிபரிடம் இருந்த இந்த அதிகாரம் இப்போது பிரதேச செயலாளரிடம் இருக்கிறது. அனுமதி இல்லாமல் செய்தது "வெற்றும் வெறிதும்" என்று சட்டமே சொல்கிறது. அதாவது, செய்யாததற்குச் சமம். அப்படிப்பட்ட உறுதியை நொத்தாரிசு அத்தாட்சிப்படுத்தவும் கூடாது.

கரையோர ஊர்களில் மகளுக்குக் கலியாணத்தின்போது வீடும் வயலும் சீதனமாகக் கொடுப்பது வழக்கம். அந்த வயல் பேர்மிட் வயலாக இருந்தால் அதற்கும் இதே சட்டம்தான். வாய்ச்சொல்லில் கொடுத்தது பின்னால் குடும்பத்துக்குள்ளேயே வழக்காகிவிடும்.

கோர்ட்டுக்குப் போனால்?

முதல் தடை 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டம். காணி விற்பதோ, விற்பதாக உடன்படிக்கை செய்வதோ, நொத்தாரிசு முன்னிலையில் இரண்டு சாட்சிகளோடு எழுதப்பட வேண்டும். முத்திரைத் தாள் மட்டும் போதாது.

இரண்டாவது தடை அனுமதி. "காணியை எனக்கு எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள்" என்று வழக்குப் போட்டால், சட்டம் செல்லாது என்று சொன்ன ஒன்றை நீதிமன்றம் எப்படி நிறைவேற்றிவைக்கும்? கொடுத்த பணத்தையாவது திருப்பிக் கேட்கலாமே என்றால், "நீயும் தெரிந்துதானே சட்டத்தை மீறினாய்" என்ற வாதம் எதிரே நிற்கும். வழக்கு வருஷக்கணக்கில் இழுபடும்.

இதே கேள்வி மற்ற நாடுகளிலும் எழுந்திருக்கிறது. டில்லியில் அரசாங்கக் குத்தகை நிலத்தில் இருந்த ஒரு வீட்டை 1956இல் ஒரு லட்சத்துப் பத்தாயிரம் ரூபாய்க்கு விற்க ஒருவர் ஒப்பந்தம் செய்தார். தலைமை ஆணையாளரின் அனுமதியைத் தானே பெற்றுத் தருவதாகவும் அதில் எழுதியிருந்தது. மனுவும் கொடுத்தார். பிறகு மனம் மாறி அதைத் திருப்பி எடுத்துக்கொண்டார். இந்திய உச்ச நீதிமன்றம் 1963இல் என்ன சொன்னது? விற்றவர் மறுபடி மனுப் போட வேண்டும், அனுமதி கிடைத்தால் எழுதிக் கொடுக்க வேண்டும், கிடைக்காவிட்டால் வாங்கியவருக்கு நட்டஈடுதான் என்றது.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். மனுப் போடும்படி விற்றவரை நீதிமன்றம் கட்டாயப்படுத்தலாம். அதிகாரி அனுமதி கொடுத்தே தீருவார் என்று யாரும் உறுதி சொல்ல முடியாது. அதோடு, அந்தத் தீர்ப்பு நம் நாட்டைக் கட்டுப்படுத்தாது. நம் பேர்மிட் சட்டமும் கடுமையானது.

"பத்து வருஷம் இருந்திட்டா காணி நமக்குத்தானே?"

இப்படிச் சொல்பவர்கள் நிறைய. தனியார் காணிக்கு ஆட்சியுரிமைச் சட்டம் அப்படி இடம் கொடுக்கிறது. அரசாங்கக் காணிக்கு அது செல்லாது. அரசுக்கு எதிராக எத்தனை வருஷம் இருந்தாலும் உரிமை வராது. 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டத்தின்படி, வெளியேறச் சொல்லி அறிவித்தல் கொடுத்து, பின் நீதவான் நீதிமன்றத்தின் மூலம் வெளியேற்றலாம். அங்கே செல்லுபடியான பேர்மிட்டோ அரசின் எழுத்து அதிகாரமோ காட்டினால்தான் தப்பலாம்.

லயத்துக்கும் இது பொருந்தும். 1992இலிருந்து தோட்டங்களைக் கம்பனிகள் நடத்தினாலும், அவற்றில் பெரும்பாலானவற்றின் நிலம் அரசுக்குச் சொந்தமானது. லயத்து அறையை ஒருவர் "எழுதி விற்றார்" என்றால், தனக்குச் சொந்தமில்லாததை விற்றிருக்கிறார் என்றே அர்த்தம்.

பணம் கொடுக்குமுன் செய்ய வேண்டியவை

1. காணி உறுதியா, பேர்மிட்டா, அளிப்பா என்று மூலப் பத்திரத்தைக் கேட்டுப் பாருங்கள். போட்டோப் பிரதியை நம்பாதீர்கள்.

2. பேர்மிட் அல்லது அளிப்பு என்றால், பிரதேச செயலகத்தின் காணிப் பகுதிக்கு விற்பவரோடு சேர்ந்து போங்கள். யார் பெயரில் இருக்கிறது, பின்னுரித்தாளராக யார் பெயர் பதிந்திருக்கிறது என்று விசாரியுங்கள்.

3. உறுதிக் காணி என்றால் காணிப் பதிவகத்தில் ஏட்டைப் பார்க்கச் சொல்லுங்கள்.

4. அனுமதி எழுத்தில் கைக்கு வரும்வரை அட்வான்சும் கொடுக்காதீர்கள். "பிறகு எடுத்துத் தாறன்" என்ற பேச்சு எவ்வளவு நல்ல மனிதர் வாயிலிருந்து வந்தாலும் அனுமதியாகாது.

5. ஏற்கெனவே கொடுத்திருந்தால் பற்றுச்சீட்டு, கடிதம், சாட்சிகளின் விபரம் எல்லாவற்றையும் பத்திரமாக வைத்துச் சட்டத்தரணி ஒருவரிடம் காட்டுங்கள். வசதி இல்லாதவர்கள் 1978இல் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம்.

அந்த நானாவைக் கெட்டவர் என்று நாம் சொல்லவில்லை. அவர் மனதாரக் கொடுத்திருக்கலாம். ஆனால் கொடுக்கிற உரிமை அவர் கையில் முழுதாக இல்லை. முப்பது வருஷம் மலையேறிக் கொழுந்து பறித்துச் சேர்த்த பணத்தை ஒரு தாளை நம்பிக் கொடுக்குமுன், பிரதேச செயலகத்துக்கு ஒரு நடை போய் வாருங்கள்.