பெயரைச் சுமக்கும் பிள்ளைகள்

"போதும்" என்று ஒரு பெண்பிள்ளைக்குப் பெயர் வைப்பார்களா? வைத்திருக்கிறார்கள். தமிழ்நாட்டில் போதும்பொண்ணு என்ற பெயருள்ள மூதாட்டிகள் பலர். திருத்தணிப் பக்கத்துக் கிராமங்களில் "வேண்டாம்" என்ற பெயரோடு பள்ளிக்கூடம் போன பிள்ளைகளும் உண்டு. மூன்றாவதும் நாலாவதும் பெண்ணாகவே பிறந்துவிட்டால், இப்படிப் பெயர் வைத்தால் அடுத்தது ஆணாக வரும் என்பது அங்குள்ள நம்பிக்கை.

இதைத் தமிழருக்கு மட்டும் உரிய குறை என்று நினைத்துவிடாதீர்கள். துருக்கியில் "யெத்தர்" என்று பெண்களுக்குப் பெயர் உண்டு. அதற்கும் "போதும்" என்பதுதான் பொருள். சீனாவில் "ஜாவோதி" என்றால் "தம்பியை அழைத்து வா", "லாய்தி" என்றால் "தம்பி வரட்டும்". அந்தப் பெண் சாகும்வரைக்கும் யாரோ ஒரு தம்பியைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்க வேண்டும். தம்பி பிறந்தாலும் பிறக்காவிட்டாலும் பெயர் மாறுவதில்லை.

இந்தியாவில் மகாராஷ்டிர மாநிலத்தின் சாத்தாரா மாவட்டத்தில் "நகுசா" என்ற பெயர் இருந்தது. மராத்தியில் அதற்கு "வேண்டாதவள்" என்று பொருள். 2011ஆம் ஆண்டு ஒக்டோபரில் மாவட்ட அதிகாரிகள் ஒரு விழா நடத்தி, அந்தப் பெயர் கொண்ட 285 பெண்பிள்ளைகளுக்குப் புதிய பெயர்களும் அவற்றுக்கான சான்றிதழ்களும் கொடுத்தார்கள். சிலர் சினிமா நடிகைகளின் பெயர்களை எடுத்துக்கொண்டார்களாம். சிலர் ஐதீகக் கதைகளில் வரும் பெயர்களை எடுத்தார்கள். நடிகையின் பெயரா என்று நீங்கள் சிரிக்கலாம். "வேண்டாதவள்" என்று இடாப்பில் கூப்பிடக் கேட்டு வளர்ந்த பிள்ளைக்கு எந்தப் பெயரும் அழகுதான்.

ஆனால் பொருள் கெட்ட பெயரெல்லாம் வெறுப்பில் வைத்தது என்று எடுத்துக்கொள்ளவும் கூடாது. பிச்சை, குப்பம்மா, தவிட்டம்மா என்ற பெயர்களை முந்திய தலைமுறையில் கேட்டிருப்பீர்கள். பிறந்த பிள்ளைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தவறிப்போன வீட்டில், அடுத்து வந்ததையாவது காப்பாற்றத் தாய்மார் செய்த உபாயம் அது. பிள்ளையைத் தவிட்டுக்கு விற்றதாகவும் பிறகு வாங்கியதாகவும் பாவனை செய்வார்கள். இது குப்பை, ஒன்றுக்கும் உதவாது என்று எமனுக்குப் போக்குக் காட்டுவது. "உன்னைத் தவிட்டுக்கு வாங்கினது" என்று சின்ன வயதில் எங்களைப் பகிடி பண்ணுவார்களே, அந்தப் பகிடிக்குப் பின்னால் இருப்பது இந்தப் பயம்தான்.

மொங்கோலியாவிலும் இதே உபாயம் உண்டு. "நெர்குய்" என்றால் "பெயரில்லை". "எனெபிஷ்" என்றால் "இது இல்லை". தீய ஆவி தேடி வந்தாலும் பிள்ளையை அடையாளம் காணாமல் திரும்பிவிட வேண்டுமாம். நைஜீரியாவின் யொருபா மக்கள் பிள்ளையிடமே கெஞ்சுகிறார்கள். "மலோமோ" என்றால் "இனிப் போய்விடாதே". இறந்த பிள்ளையே திரும்பத் திரும்ப வந்து பிறக்கிறது என்று அவர்கள் நம்பியதால் வந்த பெயர் அது. பாட்டி இறந்த பின்னர் பிறக்கும் பெண்பிள்ளைக்கு "யெத்துந்தே" என்று வைப்பார்கள். "அம்மா திரும்பி வந்துவிட்டாள்" என்பது அதன் பொருள். ஆண்பிள்ளை என்றால் "பாபாத்துந்தே", அப்பா திரும்பி வந்துவிட்டார்.

எங்களிடமும் இது இல்லையா? பேரன், பேர்த்தி என்ற சொற்களே பாட்டன் பாட்டியின் பெயரைத் தாங்குபவர் என்ற பொருளில் வந்தவை என்று சொல்வார்கள். யாழ்ப்பாணத்தில் தாத்தாவையும் "பேரன்" என்போம், அவருடைய மகனின் பிள்ளையும் பேரன்தான். வயது போய்ச் செத்த ஒருவரின் பெயரைப் பிள்ளைக்கு வைப்பதில் துக்கத்தைவிட மரியாதைதான் கூட. யுத்தத்துக்குப் பிறகு எங்கள் வீடுகளில் வைத்த பெயர்கள் வேறு விதம். அவை இருபது வயதிலும் முப்பது வயதிலும் போனவர்களின் பெயர்கள்.

என் தங்கைக்கு 2010ஆம் ஆண்டு மகன் பிறந்தான். அதற்கு முதல் வருடம்தான் எங்கள் தம்பியை இழந்திருந்தோம். 31ஆம் நாள் துடக்குக் கழித்தபோது, நட்சத்திரத்துக்கு என்ன எழுத்து என்று ஒருவரும் பார்க்கவில்லை. அம்மா தம்பியின் பெயரைச் சொன்னா. பதிவிலும் அதுவே போனது. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லிப் பிள்ளையைக் கூப்பிட வீட்டில் ஒருவருக்கும் வாய் வரவில்லை. அம்மா கூப்பிடத் தொடங்குவா, பாதியில் தொண்டை அடைத்துவிடும். அதனால் "குட்டி" என்றே கூப்பிட்டோம். ஐந்து வயதில் முதலாம் தரத்தில் சேர்த்தபோது ரீச்சர் இடாப்பை வாசித்தா. அவன் பேசாமல் இருந்தான். வீட்டுக்கு வந்து தாயிடம் சொன்னானாம், "அது மாமாட பேர், என்ர பேர் என்ன?"

யூதர்களில் ஐரோப்பாவிலிருந்து வந்த பிரிவினர் இறந்த உறவினரின் பெயரைத்தான் பிள்ளைக்கு வைப்பார்கள். உயிரோடு இருப்பவரின் பெயரை வைக்க மாட்டார்கள். இரண்டாம் உலகப் போரில் தங்கள் இனத்தவரில் அறுபது இலட்சம் பேரைப் பறிகொடுத்த அவர்களுக்கு, வைக்க வேண்டிய பெயர்களுக்குக் குறைவில்லை. இளம் வயதில் இறந்தவரின் பெயரை வைக்க நேர்ந்தால் கூடவே இன்னொரு பெயரையும் சேர்ப்பவர்கள் அவர்களில் உண்டு. போனவரின் விதி பிள்ளைக்கு வேண்டாம், அதற்கென்று தனியாக ஒன்று இருக்கட்டும் என்ற எண்ணம்தான். இதை நான் தங்கைக்குச் சொன்னேன். அவள் மகனையே ஒரு பெயர் தெரியச் சொன்னாள். இன்று அவன் கொப்பியில் மாமாவின் பெயரைத்தான் எழுதுகிறான். சிநேகிதர்கள் கூப்பிடுவது அவன் தெரிந்த பெயரை. மாமா எப்படிச் சைக்கிள் ஓடுவார், என்ன குழப்படி செய்வார் என்று அம்மா அவனுக்கு இப்போது கதை சொல்கிறா. அதற்கு அவவுக்கு ஏழெட்டு வருடம் எடுத்தது.

நைஜீரியாவின் இக்போ மக்களிடம் "ஒசொயெமேனா" என்று ஒரு பெயர் இருக்கிறது. பெரிய இழப்புக்குப் பிறகு பிறக்கும் பிள்ளைக்கு வைப்பது. "இப்படி இன்னொன்று நடக்காதிருக்கட்டும்" என்று பொருள். 1967 முதல் 1970 வரை நடந்த பயாஃப்ரா யுத்தத்தில் பட்டினியாலும் குண்டுகளாலும் பெருந்தொகையானோரை இழந்தவர்கள் அவர்கள். போனவரின் பெயரைச் சொல்லாமல் போனதை நினைக்கும் பெயர் அது. தமிழில் அப்படி ஒரு பெயர் இல்லையே என்று எனக்கு ஆதங்கம். எண் சாத்திரம் பார்த்து, எந்த மொழியிலும் பொருள் இல்லாத எழுத்துகளைக் கோத்துப் பெயர் வைக்க எங்களுக்கு நேரம் இருக்கிறது!

பெரியவர்களான எங்கள் பெயருக்கு வருகிறேன். கலியாணம் முடித்ததும் எங்களை "இன்னாரின் பெண்சாதி" என்றும், பிறகு "இன்னாரின் தாய்" என்றும்தான் ஊர் அறியும். கணவர் இல்லாமற் போன பிறகும் கடிதத் தலைப்பில் அவர் பெயர்தான். கொரியாவில் பெண்கள் கலியாணத்துக்குப் பிறகும் பிறந்த வீட்டுப் பெயரை மாற்றுவதில்லை. ஐஸ்லாந்தில் 1980ஆம் ஆண்டு மக்கள் வாக்களித்து ஜனாதிபதியாக்கிய விக்டிஸ் ஃபின்பொகாடொத்திர் என்ற பெண்மணியின் பெயருக்கு "ஃபின்பொகியின் மகள் விக்டிஸ்" என்று பொருள். அங்கே தகப்பன் பெயருக்குப் பதிலாகத் தாயின் பெயரைப் பிள்ளைக்குச் சேர்க்கவும் சட்டம் இடம் கொடுக்கிறது.

எங்களுக்கு இதைவிடச் சில்லறையான, ஆனால் அலைக்கழிக்கும் தொல்லை ஒன்று உண்டு. இடம்பெயர்ந்து பத்திரங்களைத் தொலைத்து, பிறகு ஒவ்வொன்றாக எடுத்த பலருக்கு ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு விதமாகப் பெயர் இருக்கிறது. பிறப்புச் சான்றிதழில் இலட்சுமி, அடையாள அட்டையில் லட்சுமி, வங்கிப் புத்தகத்தில் லக்சுமி. ஆங்கிலத்தில் எழுதியதைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். காணி உறுதிக்கோ கொடுப்பனவுக்கோ போய் நிற்கும்போதுதான் இது தெரியவரும். பிறப்புப் பதிவில் பெயரைத் திருத்தவும் மாற்றவும் சட்டத்தில் வழி இருக்கிறது. பிரதேச செயலகத்தின் பதிவாளர் பிரிவில் விண்ணப்பப் படிவம் கேளுங்கள். சிறு வேறுபாடு என்றால், இரண்டு பெயரும் ஒருவருடையதே என்று சமாதான நீதவான் முன்னிலையில் சத்தியக் கடதாசி முடித்தால் ஏற்பார்களா என்று அந்தந்த அலுவலகத்திலேயே முதலில் விசாரியுங்கள். பிள்ளைகளின் சான்றிதழையும் கூடவே எடுத்துப் போங்கள். அவர்களுடைய பத்திரத்தில் தாயின் பெயர் என்று இருக்கும் இடத்தில் உங்கள் பெயரை எப்படி எழுதியிருக்கிறார்கள் என்பதையும் ஒருமுறை வாசித்துப் பாருங்கள்.