கேபிள் இல்லாமலே கான்ஃபரன்ஸ் ஃபைனல் பார்க்கலாமா?

அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் டிசம்பர் முதல் சனிக்கிழமை முக்கியமான நாள். கல்லூரிகள் ‘கான்ஃபரன்ஸ்’ எனும் கூட்டணிகளாகப் பிரிந்து ஆடுகின்றன. பெரிய கான்ஃபரன்ஸ்களின் இறுதிப்போட்டிகள் அந்தச் சமயத்தில்தான்.

எந்த சேனல்?

ஒளிபரப்பு உரிமையை ஒவ்வொரு கான்ஃபரன்ஸும் தனித்தனியாக விற்கிறது. குழப்பமே இங்கதான். அட்லாண்டாவில் நடக்கும் எஸ்இசி ஃபைனல் 2023 வரை சிபிஎஸ்ஸில் வந்தது. 2024 முதல் ஏபிசியில். இண்டியானாபொலிஸில் நடக்கும் பிக் டென் ஃபைனல் 2024-ல் சிபிஎஸ், 2025-ல் ஃபாக்ஸ். போன வருஷ சேனலை நம்பி உட்காராதீங்க.

சந்தா கட்டணுமா?

தேவையில்லை. இந்த மூன்றும் அமெரிக்காவில் ஆன்டெனாவில் இலவசமாகவே கிடைக்கும் சேனல்கள். 2025 அக்டோபர் கடைசியில் டிஸ்னியுடன் புது ஒப்பந்தம் படியாததால், யூடியூப் டிவியில் ஏபிசியும் ஈஎஸ்பிஎன்னும் சுமார் இரண்டு வாரம் வரவில்லை. மாதாமாதம் பணம் கட்டியவர்களுக்கே மேட்ச் இல்லை! ஆன்டெனாவில் ஏபிசி வழக்கம்போல் வந்தது.

என்ன செய்யணும்?

டிவியில் ஆன்டெனாவைச் செருகி, ஜன்னல் பக்கம் வைத்து, ‘சேனல் ஸ்கேன்’ கொடுங்க. வெள்ளிக்கிழமையே ஒருமுறை போட்டுப் பார்த்துடுங்க. சிக்னல் சரியில்லை என்றால் ஆன்டெனாவை இடம் மாற்றிப் பார்க்க அப்போதுதான் நேரம் இருக்கும்.